நட்டஈடு: விலையா, தருமமா, கடனா?

பேரழிவு ஒன்று நிகழ்கிறது. மலை சரிகிறது, கடல் பொங்குகிறது, தொழிற்சாலை வெடிக்கிறது. இறந்தோர் தொகை முதல் நாட் செய்தியாகிறது. நட்டஈட்டுத் தொகை சில நாட்களின் பின் செய்தியாகிறது. தொகை பெரிதென்றோ சிறிதென்றோ ஒரு சொற் சொல்லிவிட்டு நாம் அடுத்த செய்திக்குப் போய்விடுகிறோம். எவ்வளவு கொடுக்கப்படுகிறது என்று கேட்கும் நாம், எதற்காகக் கொடுக்கப்படுகிறது என்று கேட்பதில்லை. கொடுப்பவன் எந்த நிலையில் நின்று கொடுக்கிறான், பெறுபவன் எந்த நிலையில் நின்று பெறுகிறான் என்றும் கேட்பதில்லை.

இவ்வினா கணக்கரின் வினா அன்று; அறவியல் வினா. ஒரு சமுதாயம் தன் மாந்தரை உண்மையில் எவ்வாறு மதிக்கிறது என்பதை அதன் அரசியல் யாப்பிலே எழுதப்பட்ட வாசகங்கள் முழுமையாகக் காட்டமாட்டா. இறந்துபோன ஏழை ஒருவனின் குடும்பத்துக்கு அது என்ன கொடுக்கிறது, என்ன சொல்லிக் கொடுக்கிறது என்பதே அதனைக் காட்டும்.

இப்பொருள் பற்றி இருவேறு கருத்துக்கள் நம்மிடையே வழங்குகின்றன. உயிருக்கு விலை இல்லை, ஆகவே அதற்கு ஈடாகப் பணங்கொடுப்பது இறந்தாரை இழிவுபடுத்துவதாகும் என்பர் ஒரு சாரார். ஜேர்மானிய மெய்யியலாளர் கான்ற் 1785 இல் வெளிவந்த தமது அறவியல் நூலிலே இக்கருத்துக்கு அடிப்படையான வேறுபாடு ஒன்றினை வகுத்தார். எப்பொருளுக்கு ஈடாக இன்னொன்றை வைக்கலாமோ அதற்கு விலை உண்டு. எதற்கு ஈடாக எதனையும் வைக்க இயலாதோ அதற்கு மாண்பு உண்டு. மனிதன் இரண்டாவது வகையைச் சேர்ந்தவன் என்றார். இதனை நாம் மறுக்கவில்லை. ஆனால் இதிலிருந்து பணம் கொடுத்தலாகாது என்ற முடிபு பிறவாது. பிள்ளையைப் பறிகொடுத்த தாய் பணத்தை மறுப்பாளாயின் அது அவளின் பெருமை. அவள் மறுத்தல் வேண்டுமென்று வயிறு நிறைந்தோர் எதிர்பார்ப்பாராயின் அது கொடுமை. உழைத்தவன் போன வீட்டிலும் மறுநாள் உலை வைத்தாக வேண்டும். கடைக்காரனின் கொப்பியில் ஏறிய கடன் துக்கத்துக்காக நின்றுவிடுவதில்லை.

கொடுத்தாயிற்று, விடயம் முடிந்தது என்பர் மற்றொரு சாரார். இவர்கள் பெரும்பாலும் கொடுக்கும் இடத்தில் இருப்பவர்கள். பற்றுச்சீட்டில் ஒப்பம் விழுந்தவுடன் கணக்கு மூடப்பட்டதென்று இவர்கள் கருதுவர்.

ஒன்றுக்கொன்று முரண்பட்டனவாகத் தோன்றும் இவ்விரு கருத்துக்களும் ஒரே தவறான எண்ணத்தின் மீது எழுந்தவை. நட்டஈடு என்பது உயிரின் விலை என்று இரண்டும் கொள்கின்றன. ஒன்று அவ்விலையைக் கண்டு அருவருக்கிறது. மற்றது அவ்விலையைக் கொடுத்துவிட்டு விலகுகிறது. விலை என்பது விற்பவனும் வாங்குபவனும் இசைந்து செய்யும் மாற்று. இறந்தவனோ தன் உயிரைச் சந்தைக்குக் கொண்டுவந்தவன் அல்லன். அங்கே விற்பனை நிகழவில்லை; ஆதலின் விலையும் இல்லை. நிகழ்ந்தது ஓர் இழப்பு. அவ்விழப்பினால் ஒருவர் மீது ஒரு கடன் ஏறியிருக்கிறது. கடன் என்னும் தமிழ்ச் சொல் திருப்பிக் கொடுக்கவேண்டிய பொருளையும் குறிக்கும். செய்தே தீரவேண்டிய கடமையையும் குறிக்கும். இவ்விரு பொருளிலும் நட்டஈடு ஒரு கடன் என்பதே இக்கட்டுரையில் நாம் நிறுவ விழைவது.

*

உயிருக்கு விலை குறிக்கும் வழக்கம் மிகப் பழையது. இற்றைக்கு ஏறக்குறைய 3,750 ஆண்டுகளுக்கு முன் பபிலோனை ஆண்ட ஹமுராபியின் சட்டத்திலே உயர்குடியினன் ஒருவனின் கண்ணைக் கெடுத்தவன் தன் கண்ணை இழக்க வேண்டும். சாதாரண குடிமகனின் கண்ணைக் கெடுத்தவன் ஒரு மினா வெள்ளி கொடுத்தாற் போதும். அடிமையின் கண்ணாயின் அவ்வடிமையின் விலையிற் பாதி. பிராங்குகளின் சாலிக் சட்டத்தில் சுதந்திரமான பிராங்கு ஒருவனைக் கொன்றவன் 200 சொலிடஸ் நாணயம் கொடுக்க வேண்டும். நிலமுடைய உரோமன் ஒருவனைக் கொன்றவன் 100 கொடுத்தாற் போதும். இறந்தவன் யார் என்பதைப் பொறுத்துத் தொகை மாறிற்று. சமுதாயத்தின் படிநிலை மரணத்தின் பின்னும் தொடர்ந்தது.

தமிழகத்து வரலாறும் இதற்குப் புறம்பானதன்று. வேட்டையின்போது கைதவறி அம்பெய்து ஒருவனைக் கொன்றவன், மரணதண்டனைக்குப் பதிலாகக் கோயிலில் நந்தாவிளக்கு எரிக்கும்படி பணிக்கப்பட்ட செய்தியைச் சோழர் காலக் கல்வெட்டுக்கள் சில தருகின்றன. ஒரு விளக்குக்குப் பொதுவாக 96 ஆடுகள் அளிக்கப்பட்டன. இவ்வாடுகளைக் கல்வெட்டுக்கள் சாவா மூவாப் பேராடு என்று குறிக்கும். இறந்தவற்றின் இடத்தைப் புதியவை நிரப்புதலால் மந்தை என்றும் குறையாது என்பது கருத்து. தவறிக் கொன்றவனின் உயிரைப் பறியாது விட்ட அக்காலச் சபையாரின் இரக்கத்தை நாம் குறைத்து மதிப்பிடவில்லை. ஆயினும் ஒன்றை நாம் கேட்டேயாக வேண்டும். விளக்குக் கோயிலில் எரிந்தது. ஆடு சாவாமலும் மூவாமலும் இருந்தது. இறந்தவனின் மனைவி எதனைக் கொண்டு மூத்தாள்? ஈடு யாருக்குச் சேரவேண்டுமோ அவருக்குச் சேராது, அதிகாரமும் செல்வமும் திரண்டிருந்த நிறுவனத்துக்குச் சேர்ந்தது என்பது ஈண்டு மனங்கொளத்தக்கது.

இவற்றுக்கு மாறான ஒரு குரலும் நம் மரபிலே உண்டு. பெரிய புராணத்திலே மனுநீதிச் சோழனின் மகன் ஊர்ந்த தேரில் அகப்பட்டுக் கன்று இறக்கிறது. மறையோர் விதித்த கழுவாயைச் செய்தாற் போதும் என்கின்றனர் அமைச்சர். மன்னன் இரண்டு வினாக்களை எழுப்புகிறான். கன்றை இழந்து கதறும் பசுவின் நோய்க்கு இக்கழுவாய் மருந்தாகுமா? அயலான் ஒருவன் கொலை செய்தால் அவனுக்கு ஒரு நீதி, என் மகன் செய்தால் அவனுக்கு வேறொரு நீதியா? மன்னன் தன் மகனுக்கு விதித்த தண்டனையை இன்று எவரும் ஏற்கமாட்டார், நாமும் ஏற்கவில்லை. ஆனால் அவ்விரு வினாக்களும் பழையனவாகிவிடவில்லை. ஈடு என்பது பாதிக்கப்பட்டோரின் துயரை நோக்கியதாக இருத்தல் வேண்டும். அது ஆளுக்கோர் அளவாக இருத்தலாகாது. இவ்விரு அளவுகோல்களையும் கைக்கொண்டு நம் காலத்தை நோக்குவோம்.

*

2001 செப்டெம்பர் 11 ஆந் திகதி அமெரிக்காவிலே நிகழ்ந்த தாக்குதல்களில் 2,977 பேர் கொல்லப்பட்டனர். பதினொரு நாட்களின் பின், செப்டெம்பர் 22 இல், ஒரு சட்டம் ஒப்பமிடப்பட்டது. விமானக் கம்பனிகளுக்கு 500 கோடி டொலர் நேரடி உதவியும் 1,000 கோடி டொலர் கடனுக்கான உத்தரவாதமும் அதனால் வழங்கப்பட்டன. பாதிக்கப்பட்டோருக்கான நட்டஈட்டு நிதியும் அதே சட்டத்திலேதான் பிறந்தது. அந்நிதியை ஏற்போர் விமானக் கம்பனிகள்மீது வழக்குத் தொடரும் உரிமையைக் கைவிட வேண்டும் என்பது நிபந்தனை. இறந்தோர் குடும்பங்களில் நூற்றுக்கு 97 அதனை ஏற்றன. 1995 இல் ஒக்லஹோமா நகரிலே அரசாங்கக் கட்டடம் தகர்க்கப்பட்டு 168 பேர் மாண்டபோது இத்தகைய நிதி எதனையும் அவ்வரசு அமைக்கவில்லை. இறந்தோர் பாலுள்ள இரக்கம் ஒன்றே 2001 ஆம் ஆண்டுச் சட்டத்தைப் பிறப்பித்தது என்று கொள்வதற்கு இவ்வொப்பீடு இடந்தரவில்லை.

தொகை எவ்வாறு கணிக்கப்பட்டது? இறந்த ஒவ்வொருவரின் துன்பத்துக்காகவும் 250,000 டொலர். மனைவி அல்லது கணவனுக்கும் தங்கி வாழ்ந்த ஒவ்வொருவருக்கும் மேலும் 100,000 டொலர். இவ்வளவும் சமம். இதற்கு மேல், இறந்தவர் உயிரோடிருந்தால் வாழ்நாளில் எவ்வளவு சம்பாதித்திருப்பார் என்ற கணக்கு. இதனால் மிகக் குறைந்த தொகை 250,000 டொலராகவும் மிகக் கூடிய தொகை 70 இலட்சம் டொலருக்கு மேற்பட்டதாகவும் அமைந்தது. வடக்குக் கோபுரத்தின் உச்சியிலிருந்த உணவுச்சாலையிற் கோப்பை கழுவியவனும், அதே கோபுரத்தில் நிதிக் கம்பனி நடத்தியவனும், ஒரே காலையில் ஒரே நெருப்பில் மாண்டனர். அரசின் கணக்கேட்டிலே அவர்கள் சமமாக மாளவில்லை.

இந்நிதியை நடாத்திய சட்டத்தரணி கெனத் பைன்பேர்க், தாம் செய்த கணிப்பைப் பற்றிப் பின்னர் ஐயங்கொண்டார். மீண்டும் இவ்வாறு ஒரு பொது நிதி அமைக்கப்படுமாயின் எல்லாக் குடும்பங்களுக்கும் ஒரே தொகை வழங்கப்படல் வேண்டும் என்று எழுதினார். 2007 இல் வேர்ஜீனியாப் பல்கலைக்கழகமொன்றில் 32 பேர் சுட்டுக் கொல்லப்பட்டபோது, மக்கள் அளித்த நிதியைப் பங்கிடும் பொறுப்பு அவரிடம் வந்தது. இறந்த மாணவனுக்கும் பேராசிரியருக்கும் வேறுபாடின்றி ஒரே தொகை வழங்கப்பட்டது. இது புரட்சிக்காரர் ஒருவரின் முடிபன்று. ஆயிரக்கணக்கான குடும்பங்களின் முன் அமர்ந்து கணக்குப் பார்த்த ஒருவரின் முடிபு.

அதிகம் சம்பாதித்தவனை இழந்த குடும்பம் அதிகம் இழந்தது, ஆகவே அதிகம் பெறுவதே நீதி என்று சிலர் வாதிப்பர். இவ்வாதம் முற்றிலும் பொருளற்றதன்று. வீட்டுக் கடனும் பிள்ளைகளின் படிப்பும் அவ்வருவாயை நம்பியே இருந்திருக்கலாம். ஆயினும், வருவாயிலுள்ள ஏற்றத்தாழ்வுக்குக் காப்புறுதி உண்டு, சேமிப்பு உண்டு. பொதுமக்களின் பணம் அவ்வேற்றத்தாழ்வை இறந்தபின்னரும் நீட்டிக்கவேண்டிய கடப்பாடு யாது? கூலி என்பது மனிதனின் மதிப்பன்று. அவனது உழைப்புச் சக்தி சந்தையிற் பெறும் விலை மட்டுமே என்பதை மார்க்ஸ் நமக்குக் காட்டியுள்ளார். அவ்விலையைக் கொண்டே இறந்தவனை மதிப்பிடும்போது, வாழ்நாள் முழுதும் அவனைத் தொழிலாளியாக மட்டுங் கண்ட கண்ணே அவனது பிணத்தையும் பார்க்கிறது. அக்கண்ணுக்குக் கூலி பெறாது வீட்டில் உழைத்த தாய் தெரியமாட்டாள். உழைத்து ஓய்ந்த முதியவன் தெரியமாட்டான். இன்னும் உழைக்கத் தொடங்காத குழந்தையும் தெரியமாட்டாது.

*

குழந்தையைப் பற்றிச் சொன்னோம். 1966 ஒக்டோபர் 21 ஆந் திகதி காலை, வேல்ஸ் நாட்டு அபர்வான் என்னுஞ் சுரங்கக் கிராமத்திலே, நிலக்கரிக் கழிவு மலையாகக் குவிக்கப்பட்டிருந்த மேடு ஒன்று மழைநீரில் ஊறிச் சரிந்து பாடசாலையை மூடியது. 116 பிள்ளைகளும் வளர்ந்தோர் 28 பேரும் மாண்டனர். நீரூற்றின் மீது கழிவைக் கொட்டியது தேசிய நிலக்கரிச் சபை. தவறு அச்சபையினுடையது என்று விசாரணை மன்று 1967 இல் ஐயத்துக்கிடமின்றித் தீர்ப்பளித்தது. மரண விசாரணையின்போது தம் பிள்ளை மூச்சுத் திணறி இறந்ததாக வாசிக்கப்பட்டதைக் கேட்ட தந்தையொருவர், நிலக்கரிச் சபையால் உயிரோடு புதைக்கப்பட்டதென்று பதியும்படி கூறினார். தந்தையர் வேண்டியது முதலிற் பணமன்று. உண்மையான ஒரு சொல்.

இறந்த பிள்ளை ஒன்றுக்கு அச்சபை கொடுத்தது 500 பவுண். உலகெங்குமுள்ள எளிய மக்கள் அனுப்பிய பணத்தினால் 17 இலட்சத்து 50 ஆயிரம் பவுண் வரை நிவாரண நிதியொன்றிற் சேர்ந்தது. அதிலிருந்து பெற்றோருக்குப் பணம் கொடுக்குமுன், அவர்கள் இறந்த பிள்ளையுடன் நெருங்கிய பாசமுள்ளவராக இருந்தனரா என்று ஆராயவேண்டுமெனத் தரும நிதிகளை மேற்பார்வை செய்யும் ஆணைக்குழுவினர் கருதினர். பெற்ற தாய் தன் பாசத்துக்குச் சான்று காட்டவேண்டுமாம். ஊருக்கு மேலே எஞ்சி நின்ற கழிவு மேடுகளை அகற்றும் செலவுக்காக அந்நிவாரண நிதியிலிருந்தே 150,000 பவுண் எடுக்கப்பட்டது. கொன்றவன் வைத்த குப்பையை அகற்ற, இறந்தவரின் பெயராற் சேர்ந்த பணம்! முப்பது ஆண்டுகளின் பின், 1997 இல், அத்தொகை வட்டியின்றித் திருப்பிக் கொடுக்கப்பட்டது. 2007 இலேதான் வேல்ஸ் அரசாங்கம் மேலும் 20 இலட்சம் பவுண் வழங்கி அநீதியை ஓரளவு சீர்செய்தது.

இங்கே இடதுசாரிகளாகிய நாம் கண்ணை மூடிக்கொள்ளலாகாது. அச்சபை தனியார் முதலாளியின் கம்பனி அன்று. 1947 இல் மக்களின் பெயராற் சுரங்கங்களைப் பொறுப்பேற்ற பொது நிறுவனம் அது. அப்போது ஆட்சியில் இருந்ததும் தொழிற்கட்சியே. உடைமை பொதுவாகிவிட்டால் மட்டும் பொறுப்புத் தானாக வந்துவிடாது. மலையடிவாரத்தில் வாழ்வோரின் சொல்லைக் கேட்கும் கடப்பாடு மேலே இருப்போர்க்கு இல்லையாயின், தேசியமயமான குப்பைமேடும் கொல்லும்.

அபர்வான் காட்டும் பாடம் யாது? கடனாகக் கொடுக்கவேண்டியதைத் தருமமாக மாற்றும்போது, உரிமையாளன் இரவலனாக மாறுகிறான். இரவலனைச் சோதிக்கலாம், தகுதி பார்க்கலாம், காக்க வைக்கலாம், நன்றி எதிர்பார்க்கலாம். கடன் கொடுத்தவனை எவரும் அவ்வாறு நடத்துவதில்லை.

*

விலையாகவும் தருமமாகவும் மட்டுமன்றி, வாய்ப்பூட்டாகவும் நட்டஈடு பயன்படலாம் என்பதற்குப் போபால் சான்று.

1984 டிசெம்பர் 2 ஆந் திகதி இரவு, இந்தியாவின் மத்தியப் பிரதேசத் தலைநகரான போபாலிலே, யூனியன் காபைட் பூச்சிகொல்லித் தொழிற்சாலையின் தாங்கியொன்றிலிருந்து ஏறக்குறைய 40 தொன் மீதைல் ஐசோசயனேற்று நச்சுவாயு வெளியேறியது. தாங்கியைக் குளிரூட்டும் பொறி நிறுத்தப்பட்டிருந்தது. கசியும் வாயுவை எரிக்கவேண்டிய கோபுரம் இயங்கும் நிலையில் இருக்கவில்லை. தொழிற்சாலை மதிலின் ஓரத்திலே குடிசைகளில் உறங்கிக் கொண்டிருந்த ஏழைகளே முதலில் மாண்டனர். இந்தியக் கம்பனியின் பங்குகளில் நூற்றுக்கு 50.9 அமெரிக்கத் தாய்க் கம்பனியின் கையில் இருந்தது. எனினும், அதிருப்தி கொண்ட தொழிலாளி ஒருவனின் நாசவேலை இது என்று தாய்க் கம்பனி சாதித்தது.

1985 இல் இந்திய அரசாங்கம் ஒரு சட்டம் இயற்றிப் பாதிக்கப்பட்டோர் அனைவரின் சார்பிலும் வழக்காடும் உரிமையைத் தானே எடுத்துக்கொண்டது. எழுத்தறிவில்லாத ஏழைகளுக்காக அரசு வழக்காடுவது நன்றே எனத் தோன்றலாம். வழக்காடும் உரிமையோடு இணங்கிப் போகும் உரிமையும் அரசுக்குப் போயிற்று என்பதைப் பின்னரே மக்கள் உணர்ந்தனர். 1986 இல் நியூயோர்க் நீதிமன்றம், இவ்வழக்கு இந்தியாவிலேயே விசாரிக்கப்படற்பாலது என்று திருப்பியனுப்பியது. 330 கோடி டொலர் கோரிய அரசாங்கம், 1989 பெப்ரவரியில் உயர் நீதிமன்றத்தின் முன் 47 கோடி டொலருக்கு இணங்கிற்று. இறந்தோர் ஏறக்குறைய 3,000 பேர் என்ற அடிப்படையிலே அத்தொகை வகுக்கப்பட்டது. பின்னர் அரசாங்கத்தின் கணக்கிலேயே இறந்தோர் 5,295 ஆயினர். நட்டஈட்டுக்கு உரியவராக ஏற்கப்பட்டோர் மொத்தம் 5 இலட்சத்து 70 ஆயிரத்துக்கு மேற்பட்டனர். உண்மையில் இறந்தோர் இதனினும் பன்மடங்கு என்பது பாதிக்கப்பட்டோர் சங்கங்களின் துணிபு. 47 கோடியைத் தலைக்குப் பங்கிட்டாற் கிடைப்பது ஆயிரம் டொலரினுங் குறைவு. நுரையீரல் கெட்டு வாழ்நாள் முழுதும் மூச்சு வாங்கியோரிற் பெரும்பாலானோர் முதலிற் பெற்றது 25,000 இந்திய ரூபா.

தொகை சிறிதென்பது இங்கே முழு அநீதி அன்று. அவ்விணக்கத்தின் ஒரு பகுதியாகக் குற்றவியல் வழக்குகளும் கைவிடப்பட்டன. பணம் கொடுத்தவன் காயத்துக்கு ஈடு கொடுக்கவில்லை. விசாரணையிலிருந்து விடுதலையை வாங்கினான். முன்னர் நாம் விற்பனை நிகழவில்லை என்றோம். இங்கே ஒரு விற்பனை நிகழ்ந்தது. விற்கப்பட்டது உயிரன்று, உண்மை. விற்றவரும் பாதிக்கப்பட்டோர் அல்லர்.

மக்கள் தெருவில் இறங்கியதனாலும் விடாது வழக்காடியதனாலும் 1991 ஒக்டோபரில் அதே நீதிமன்றம் குற்றவியல் வழக்குகளை மீண்டும் உயிர்ப்பித்தது, தொகையை மாற்றவில்லை. 2010 யூனில் இந்திய அதிகாரிகள் எழுவர்க்கு இரண்டாண்டுச் சிறை விதிக்கப்பட்டது. அவர்கள் உடனே பிணையில் வெளிவந்தனர். தாய்க் கம்பனியின் தலைவராக இருந்த வொறன் அண்டர்சன் விசாரணைக்கு ஒருபோதும் முகங்கொடாது 2014 இல் அமெரிக்காவில் இறந்தார். மேலதிக நட்டஈடு கோரிய மனுவை 2023 மார்ச்சில் இந்திய உயர் நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. தொழிற்சாலை வளவிற் கிடந்த நச்சுக் கழிவில் ஏறக்குறைய 337 தொன் அங்கிருந்து அகற்றப்பட்டது 2025 சனவரியில். நாற்பது ஆண்டுகளின் பின்.

இவ்வளவுக்கும் இடையிலே போபாலின் பெண்கள் எழுப்பிய முழக்கம் ஒன்று உண்டு. எங்களுக்குப் பிச்சை வேண்டா, தொழில் வேண்டும் என்பது அதன் பொருள். அறவியல் நூல்கள் பல பக்கங்களில் விளக்கும் வேறுபாட்டைக் கணவனையும் கண்பார்வையையும் இழந்த பெண்கள் ஒரு வரியில் விளக்கிவிட்டனர்.

*

மனிதர் செய்த அழிவுக்கு மனிதர் கடன்பட்டவர். இயற்கையின் சீற்றத்துக்கு யார் கடன்பட்டவர் என்று ஒரு வினா எழலாம். 1755 இல் லிஸ்பன் நகரைப் பூகம்பம் அழித்தபோது ஐரோப்பிய அறிஞர் இறைவனின் நீதியைப் பற்றி வாதாடினர். அடுத்த ஆண்டு ரூசோ, வோல்தேயருக்கு எழுதிய கடிதத்தில் வாதத்தை வானத்திலிருந்து நிலத்துக்கு இறக்கினார். ஆறு ஏழு மாடி வீடுகள் இருபதாயிரத்தை அங்கே நெருக்கிக் கட்டியது இயற்கையன்று என்று அவர் சுட்டினார். மண் அசைந்தது இயற்கை. அம்மண்மீது யார், எவ்வாறு வாழ நேர்ந்தது என்பது சமுதாயம்.

இதனை உணர நாம் லிஸ்பனுக்குப் போகவேண்டியதில்லை. 2014 ஒக்டோபர் 29 ஆந் திகதி காலை, பதுளை மாவட்டத்துக் கொஸ்லந்தை மீரியபெத்தைத் தோட்டத்திலே மலை சரிந்து லயங்களை மூடியது. அபர்வானைப் போலவே இங்கும் மழையும் மலையும் மட்டும் குற்றவாளிகள் அல்ல. அச்சரிவு ஆபத்தானதென்று பல்லாண்டுகளுக்கு முன்னரே எச்சரிக்கப்பட்டிருந்தது. ஆனால், காணியும் லயமும் தோட்டத்துக்குரியனவாக, ஒரு பிடி மண்ணுக்கும் உறுதி இல்லாத தொழிலாளி எச்சரிக்கையைக் கையிற் பிடித்துக்கொண்டு எங்கே போவான்? போவதற்கு இடம் கொடாது போகச் சொல்வது எச்சரிக்கையன்று. பின்னொரு நாள் பழியைத் தட்டிக் கழிப்பதற்கான முன்னேற்பாடு. உயிர் தப்பியோருக்குப் புதிய வீடுகள் கிடைத்தன, இரண்டாண்டுகளின் பின். அவ்வீடுகள் முன்னரே கட்டப்பட்டிருந்தால் நட்டஈடு என்ற சொல்லுக்கே அங்கு இடமிருந்திராது.

2004 டிசெம்பர் 26 இற் கடல்கோள் வந்து இலங்கையில் முப்பதினாயிரத்துக்கு மேற்பட்டோரைக் கொண்டுபோயிற்று. அலை சாதி, மொழி, மதம் பார்க்கவில்லை என்று பேசினோம். அலை பார்க்கவில்லை; அதன்பின் வந்த விதிகள் பார்த்தன. வீடு கட்டத் தடைசெய்யப்பட்ட கரையோரப் பட்டி தெற்கிலும் மேற்கிலும் 100 மீற்றராகவும் வடக்கிலும் கிழக்கிலும் 200 மீற்றராகவும் வகுக்கப்பட்டது. பின்னர் அது தளர்த்தப்பட்டதெனினும், அதற்கிடையிற் பல குடும்பங்கள் தகரக் கொட்டில்களில் மாதக்கணக்காகக் காத்திருந்தன. வீட்டுக்கான உதவி காணி உறுதியை ஒட்டியே சென்றதால், வாடகைக்கிருந்தவனும் பிறர் காணியிற் குடிசை போட்டவனும் வரிசையின் இறுதிக்குத் தள்ளப்பட்டனர். உள்ளதை இழந்தவனுக்கு ஈடு கொடுப்பது நட்டஈடு என்று மட்டும் வரையறுத்தால், ஒன்றுமே இல்லாதவன் ஒன்றையும் இழக்கவில்லை என்றாகிவிடும். உடைமையை அளவாகக் கொண்ட கணக்கு எங்கே வந்து முடிகிறதென்பதைக் காண்க.

இன்று இயற்கையின் சீற்றமே செயற்கையாகி வருகிறது. செல்வ நாடுகளின் புகைபோக்கிகள் இருநூறு ஆண்டுகளாகக் கக்கியது வானத்தைச் சூடாக்க, அதன் விளைவை ஏழை நாடுகளின் கமக்காரனும் மீனவனும் சுமக்கின்றனர். 2015 இற் பரிசில் ஒப்பந்தம் ஏற்றுக்கொள்ளப்பட்டபோது, இழப்பும் சேதமும் பற்றிய அதன் எட்டாம் உறுப்புரை எவ்வித சட்டப்பொறுப்புக்கோ நட்டஈட்டுக்கோ அடிப்படையாகாது என்ற வாசகம் உடன்சென்ற தீர்மானத்திலே சேர்க்கப்பட்டது. 2022 இல் எகிப்திலே அவ்விழப்புக்கென ஒரு நிதி அமைக்க நாடுகள் இணங்கின. கொடுக்க இசைந்தனர், கடன் என்று ஒப்புக்கொள்ள இசையவில்லை. அபர்வானின் கதையை உலக அளவில் மீண்டும் காண்கிறோம்.

2021 இற் கொழும்புக்கு அப்பால் எக்ஸ்பிரஸ் பேர்ள் கப்பல் எரிந்து மூழ்கி, பிளாத்திக்கு மணிகளாலும் இரசாயனங்களாலும் மேற்குக் கரையைப் பாழ்படுத்தியது. நூறு கோடி டொலர் நட்டஈடு செலுத்தும்படி 2025 யூலையில் இலங்கை உயர் நீதிமன்றம் கப்பல் தரப்பினர்க்குக் கட்டளையிட்டது. கெடுத்தவனே கடன்பட்டவன் என்னும் கோட்பாடு நம் மண்ணிலே சட்டமாக ஒலித்தது மகிழ்ச்சிக்குரியதே. ஆயினும் தீர்ப்பு எழுதப்படுவது ஒன்று; அது மீனவனின் அடுப்படிவரை வந்து சேர்வது வேறொன்று. அவ்விரண்டுக்கும் இடையிலுள்ள தூரத்தை மக்களின் விழிப்பு ஒன்றே குறைக்கும்.

*

நட்டஈடு கடன் என்று கொண்டால் அதிலிருந்து சில முடிபுகள் தாமாகவே பிறக்கின்றன. உயிரிழப்புக்கு எல்லா மனிதருக்கும் ஒரே அளவு. அதற்கு மேல் வேற்றுமை வேண்டுமாயின் அது இறந்தவன் பெற்ற சம்பளத்தை ஒட்டியதாக அன்றி, வாழ்பவரின் தேவையை ஒட்டியதாக இருத்தல் வேண்டும். கால் இழந்தவனுக்கும் கைக்குழந்தையோடு நிற்பவளுக்கும் கூடுதலாகக் கொடுப்பது சமத்துவத்துக்கு முரணானதன்று. சமத்துவத்தின் நிறைவே அது. அரிஸ்ரோட்டில் தமது அறநூலின் ஐந்தாம் பகுதியிலே, தீங்கைச் சீர்செய்யும் நீதி, தீங்கு செய்தவன் நல்லவனா தீயவனா என்று பாராது இருவரையும் சமமாகக் கொண்டு தீங்கை மட்டுமே நோக்கும் என்று கூறியிருப்பதும் இங்கு நினைக்கத்தக்கது.

கடனைப் பெறுபவன் கெஞ்ச வேண்டியதில்லை. தன் துயருக்குச் சான்று காட்ட வேண்டியதில்லை. மேடையில் நின்று காசோலையைப் பெற்றுக் கைகூப்பவும் வேண்டியதில்லை. கடன் தீர்ப்பவன் எதற்காகக் கடன்பட்டான் என்பதை மறைக்கவும் இயலாது. ஆகவே, உண்மையை வெளிப்படுத்துவதும் பொறுப்பை ஏற்பதும் நட்டஈட்டுக்குப் பின்னால் வரும் சடங்குகள் அல்ல, அதன் உயிர்நாடிகள். வாய்மூடும் நிபந்தனையோடு கொடுக்கப்படும் பணம் எத்துணைப் பெரிதாயினும் கடனைத் தீர்க்காது. அழிவுக்குக் காரணமான மேடு அப்படியே நிற்க, அடுத்த சரிவுக்கான தொகையை வரவுசெலவுத் திட்டத்தில் ஒதுக்கி வைப்பதும் கடன் தீர்ப்பதாகாது. முதற் கடன் அழிவைத் தடுப்பது; அதிற் தவறியபோது எழுவதே பணக்கடன்.

ஆசிரியராகவும் மாணவராகவும் உள்ள நம் வாசகர் இதில் என்ன செய்தல் கூடும்? நிதிகளைப் பங்கிடும் அதிகாரம் நம் கையில் இல்லை. ஆனால் சொற்கள் நம் கையில் உள்ளன. வகுப்பறையிலும் சங்கக் கூட்டத்திலும், அரசாங்கம் வழங்கிய உதவி என்றும் கம்பனி காட்டிய தாராளம் என்றும் எழுதப்பட்டவற்றை வாசிக்கும்போது, அது உதவியா, செலுத்தப்பட்ட கடனா, எவ்வளவு மீதி என்று கேட்கும் பழக்கத்தை வளர்ப்போம். நிவாரண வரிசையிலே குனிந்து நிற்கும் மனிதன் இரவலன் அல்லன், நம்மிடம் வரவேண்டியதைக் கேட்டு வந்தவன் என்று பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுப்போம். அவன் நிமிர்ந்து நின்று கேட்கத் தொடங்கும் நாளில், நாம் அவன் பக்கத்தில் நிற்கவேண்டியவர்கள்.